விண்வெளி நியூட்ரினோவைப் பிடிக்கத் துருவப் பனியா, ஆழ்கடலா?

கடலோடி

தென் துருவத்தில் ஒரு கன கிலோமீட்டர் பனிக்குள் 5,160 ஒளி உணரிகளைப் புதைத்து வைத்திருக்கும் ஐஸ்கியூப் என்ற நியூட்ரினோ தொலைநோக்கி பற்றி யார் எழுதினாலும் அதுதான் இந்தத் துறையின் உச்சம் என்று எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. விண்வெளி நியூட்ரினோக்கள் என்ற நுண்துகள்கள் எங்கிருந்து வருகின்றன என்று தேடுவதற்குப் பனியைவிடக் கடல்தான் ஏற்ற இடம்.

இந்தக் கருவி நியூட்ரினோவை நேரடியாகப் பார்ப்பதில்லை. கோடானுகோடி நியூட்ரினோக்கள் எதையும் தொடாமல் போய்விட, எப்போதாவது ஒன்று பனியிலுள்ள அணுக்கருவில் மோதுகிறது. அதில் பிறக்கும் மியூவான் என்ற மின்னேற்றத் துகள், பனிக்குள் ஒளி செல்லும் வேகத்தை மிஞ்சி ஓடும்போது நீல நிறச் செரென்கோவ் ஒளியைக் கிளப்புகிறது. எந்த உணரிக்கு அந்த ஒளி எத்தனையாவது நானோ நொடியில் வந்து சேர்ந்தது என்பதை வைத்துத்தான் திசையைக் கணக்கிட வேண்டும். ஒளி நேராக வந்தால்தான் கணக்கு சரியாக வரும். பனியில் அது சில பத்து மீட்டர் போவதற்குள் சிதறித் திசை மாறிவிடுகிறது. போதாக்குறைக்கு, சுமார் 2,000 மீட்டர் ஆழத்தில் ஒரு தூசி அடுக்கு வேறு குறுக்கே கிடக்கிறது.

கடல் நீரில் சிதறல் மிகக் குறைவு. சிசிலிக்கு அருகே 3,450 மீட்டர் ஆழத்தில் எழுந்துவரும், கேஎம்3நெட் திட்டத்தின் ஆர்கா என்ற நியூட்ரினோ தொலைநோக்கி, உயர் ஆற்றல் மியூவானின் திசையை ஒரு டிகிரியில் பத்தில் ஒரு பங்குக்குள் காட்ட வேண்டும் என்றே வடிவமைக்கப்படுகிறது. தொலைநோக்கி என்று பெயர் வைத்துவிட்டால் திசைதானே முதலில் வேண்டும்?

பனித்துளி

சிதறல் பற்றி நீங்கள் சொன்னது உண்மை, அதை மறுக்கமாட்டேன். ஆனால் கடலைத்தான் முதலில் முயன்றார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். 1960-இலேயே சோவியத் இயற்பியலாளர் மார்கோவ் ஏரியிலோ கடலிலோ உணரிகளை இறக்கலாம் என்று யோசனை சொன்னார். ஹவாய் அருகே டுமாண்ட் என்ற திட்டம் அதைச் செய்யப் பார்த்தது. 1993 டிசம்பரில் கிட்டத்தட்ட 4,800 மீட்டர் ஆழத்தில் முதல் சரத்தை, அதாவது உணரிகள் கோத்த கம்பிவடத்தை, இறக்கினார்கள். சில மணி நேரத்திலேயே நீர் கசிந்து அது செயலிழந்தது. 1995-இல் திட்டத்தையே கைவிட்டார்கள். கடலில் கப்பலில் நின்றுகொண்டு வேலை செய்ய வேண்டும். அலையும் உப்பும் அழுத்தமும் ஒரு சின்னப் பிழையைக்கூடப் பொறுப்பதில்லை. பனி என்றால் கெட்டியான தரை. நின்ற இடத்தில் நின்று வேலை பார்க்கலாம்.

பனியிலும் முதல் முயற்சி கசப்புதான். ஐஸ்கியூபுக்கு முன்னோடியான அமாண்டாவின் முதல் சரங்களை 800 முதல் 1,000 மீட்டர் ஆழத்தில் வைத்தார்கள். அங்கே பனி முழுக்கக் காற்றுக்குமிழிகள், ஒளி மூடுபனிக்குள் போன மாதிரி ஆகிவிட்டது. ஆழத்தில் அழுத்தம் கூடக்கூட அந்தக் குமிழிகள் பனிப் படிகத்துக்குள்ளேயே அடங்கிவிடுகின்றன. அதனால் 1,400 மீட்டருக்குக் கீழே பனி தெளிந்துவிடுகிறது. ஐஸ்கியூபின் உணரிகள் 1,450 மீட்டரில் தொடங்கி 2,450 மீட்டர் வரை இருப்பதற்குக் காரணம் இதுதான்.

பனியின் பெரிய பலம் அதன் அமைதி. கடல் உப்பில் கதிரியக்கப் பொட்டாசியம்-40 ஓயாமல் சிதைந்து மினுக்கிக்கொண்டே இருக்கும். ஆழ்கடல் உயிரினங்களும் தாமாகவே ஒளி விடும். பனிக்குள் அந்தத் தொல்லை இல்லை. ஓர் உணரி நொடிக்குச் சுமார் 500 முறைதான் வெறும் இரைச்சலாகத் துடிக்கிறது. நம் பால்வீதியில் ஒரு விண்மீன் வெடித்தால், எல்லா உணரிகளின் துடிப்பும் ஒரே நேரத்தில் சற்று ஏறுவதை வைத்தே கண்டுபிடித்துவிடலாம். இரைச்சல் இவ்வளவு குறைவாக இருப்பதால்தான் அது முடிகிறது.

வாத்தியார்

நான் பள்ளியில் இயற்பியல் நடத்துகிறேன், உங்கள் இருவரிடமும் ஒரு கேள்வி. ஐஸ்கியூபைக் கட்டியதற்கு 27.9 கோடி டாலர் ஆயிற்று என்று படித்தேன். உணரியை இறக்கிய பனித்துளை உறைந்துவிட்டால் அதை வெளியே எடுத்துப் பழுது பார்க்க முடியாது. மாணவர்களுக்கு இதைச் சொன்னால், கெட்டுப்போனால் என்ன செய்வார்கள் என்றுதான் முதலில் கேட்கிறார்கள். திரும்ப எடுக்க முடியாத இடத்தில் இவ்வளவு பணத்தைப் புதைப்பது சரிதானா?

பனித்துளி

ஐயா, மாணவர்கள் கேட்டது சரியான கேள்வி. துளை போட்ட கதையை அவர்களுக்குச் சொல்லிப் பாருங்கள். இயந்திரத்தால் குடைந்த துளை இல்லை அது, வெந்நீரால் உருக்கிய துளை. ஏறக்குறைய 5 மெகாவாட் வெப்பத்தில் நீரைச் சூடாக்கிப் பீய்ச்சினார்கள். 60 சென்டிமீட்டர் அகலத்தில் இரண்டரை கிலோமீட்டர் ஆழத்துக்கு ஒரு துளை போட ஏறக்குறைய இரண்டு நாள். நீர் மறுபடி உறையத் தொடங்குமுன் 60 உணரிகள் கோத்த கம்பிவடத்தை இறக்கியாக வேண்டும். துருவத்தின் கோடை சில மாதங்கள்தான். 2004-05 பருவத்தில் தொடங்கி 2010 டிசம்பர் வரை 86 துளைகளை இப்படித்தான் முடித்தார்கள்.

பழுது பார்க்க முடியாது என்பது தெரிந்துதானே கட்டினார்கள். இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் நூற்றுக்கு 98 உணரிகள் வேலை செய்கின்றன. குளிர், இருட்டு, அசையாத நிலை: மின்னணுக் கருவிக்கு இதைவிட நல்ல இடம் கிடைக்காது.

கடலோடி

வாத்தியார் ஐயாவுக்கு நானும் ஒன்று சொல்ல வேண்டும். சைபீரியாவில் பைக்கால் ஏரி இருக்கிறது. குளிர்காலத்தில் ஏரியின் மேல் உறையும் பனித்தளத்தில் நின்றுகொண்டு சரங்களை நீருக்குள் இறக்குகிறார்கள். பழுதானால் அடுத்த குளிர்காலத்தில் மேலே எடுக்கிறார்கள். நன்னீர் என்பதால் உப்பின் பொட்டாசியம் தொல்லையும் இல்லை. பனித்துளி சொன்ன அலையும் உப்பும் எல்லா நீருக்கும் பொருந்தாது.

அப்புறம், முக்கியமான ஒன்றைப் பனித்துளி தொடவே இல்லை. ஐஸ்கியூப் வழியாக நொடிக்கு 2,000-க்கும் மேற்பட்ட மியூவான்கள் மேலிருந்து பாய்கின்றன. விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்கள் வளிமண்டலத்தில் மோதிப் பிறந்தவை அவை. அவற்றைத் தவிர்க்கப் பூமியையே வடிகட்டியாக வைத்து, கீழிருந்து வருவதைப் பார்க்கிறார்கள். தென் துருவத்தில் கீழே இருப்பது வட வானம். பால்வீதியின் மையமோ அங்கே எப்போதும் தொடுவானத்திலிருந்து 29 டிகிரி உயரத்தில் நிற்கிறது. மியூவான் மழை பெய்யும் பக்கம் அதுதான். மத்தியதரைக் கடலில் இருந்து பார்த்தால் அதே மையம் நாளின் பெரும்பகுதி பூமிக்கு அடியில் இருக்கிறது. நம் சொந்த வீட்டின் நடுவைப் பார்க்க முடியாத இடத்தில் போய்க் கண்ணை வைத்திருக்கிறோம். எனக்கு இது பெரிய வருத்தம்.

பனித்துளி

பார்க்க முடியாத இடம் என்றா சொல்கிறீர்கள்? 2023 ஜூனில் பால்வீதித் தளத்திலிருந்து நியூட்ரினோ வருவதை 4.5 சிக்மா உறுதியுடன் காட்டியது ஐஸ்கியூப்தான். (சிக்மா கூடக்கூட, அது தற்செயலாக இருக்கும் வாய்ப்பு குறையும்.) மியூவான் நீண்ட கோடாக ஓடும். ஆனால் எலக்ட்ரான் வகை நியூட்ரினோ பெரும்பாலும் ஓர் ஒளிப்பந்தாகத்தான் தெரியும். திசை மங்கலாகத்தான் கிடைக்கும், ஆனால் மேலிருந்து வரும் மியூவானோடு குழப்பிக்கொள்ள மாட்டோம். பத்தாண்டுத் தரவில் அந்தப் பந்துகளை மட்டும் பொறுக்கி எடுத்தார்கள்.

என் வாதத்தின் உயிர் என்ஜிசி 1068-இல் இருக்கிறது. 4.7 கோடி ஒளியாண்டு தொலைவிலுள்ள விண்மீன் திரள் அது. 2020-இல் அந்தத் திசையில் 2.9 சிக்மா அளவுக்கு நியூட்ரினோக்களின் ஒரு சிறு திரட்சி தெரிந்தது. பிறகு புதிய உணரி எதையும் சேர்க்கவில்லை. பனியைப் புரிந்துகொண்ட விதம்தான் மாறியது. ஒவ்வோர் உணரியிலும் 12 எல்இடி விளக்குகள் இருக்கின்றன. ஒன்றை மின்னவிட்டு மற்றவை எப்போது, எவ்வளவு ஒளியைக் காண்கின்றன என்று அளந்து அளந்து, தூசி எங்கே, ஒளி எந்தப் பக்கம் எளிதாகப் போகிறது என்று வரைபடம் போட்டார்கள். அளவுத்திருத்தத்தையும் கணக்கிடும் முறையையும் சீராக்கி, 2011 முதல் 2020 வரையிலான தரவை மறுபடி அலசினார்கள். 2022-இல் அதே இடத்தில் சுமார் 79 நியூட்ரினோக்கள், 4.2 சிக்மா. கடல் நீர் ஒவ்வொரு நாளும் ஓடும், சரங்களும் ஆடும். பனி நேற்று இருந்தபடியே இன்றும் இருக்கிறது. அதனால்தான் இன்று கற்றதை வைத்துப் பத்தாண்டுப் பழைய தரவையும் திருத்த முடிகிறது.

கடலோடி

4.2 என்பது 5 இல்லை, கண்டுபிடிப்பு என்று சொல்ல 5 சிக்மா வேண்டும். இருந்தாலும் அந்த முடிவின் மேல் எனக்கு மரியாதை உண்டு. பழைய தரவைத் திருத்தும் வசதியை நான் இந்தக் கோணத்தில் யோசித்ததில்லை.

ஆனால் 2023 பிப்ரவரி 13-ஐ மறந்துவிடாதீர்கள். ஆர்காவில் அன்று 21 சரங்கள்தான் இருந்தன. தொடுவானத்தை ஒட்டி வந்த ஒரு மியூவான், உணரிகளில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் ஒளிர வைத்தது. அதன் ஆற்றல் சுமார் 120 பீட்டா எலக்ட்ரான் வோல்ட் (பீட்டா என்றால் ஆயிரம் லட்சம் கோடி). அந்த மியூவானைப் பிறப்பித்த நியூட்ரினோ 220 பீட்டா அளவில் இருக்கலாம் என்பது கணிப்பு. ஐஸ்கியூப் 2013-இல் உலகுக்கு அறிவித்த முதல் இரண்டு நியூட்ரினோக்களும் தலா ஒரு பீட்டாவைச் சற்றே தாண்டியவை. முழுமை பெறாத கடல் கருவி இதைக் கண்டுவிட்டது.

பனித்துளி

அந்த அறிவிப்பைப் படித்த இரவு நான் தூங்கவில்லை, அவ்வளவு மகிழ்ச்சி. ஆனால் அதன் திசையில் இருந்த நிச்சயமின்மையைப் பாருங்கள்: 1.5 டிகிரி. நீங்கள் சொன்ன பத்தில் ஒரு பங்கு அங்கே கிடைக்கவில்லை. ஒளி சிதறியதால் அல்ல, கடலடியில் சரங்கள் மொத்தமாக எந்தப் பக்கம் பார்த்து நிற்கின்றன என்பது போதிய துல்லியத்தோடு தெரியாததால். முழு நிலாவைப்போல் ஆறு மடங்கு அகலமான வட்டத்துக்குள் எந்த விண்மீன் திரள் என்று சொல்வது?

வாத்தியார்

அப்படியென்றால் இரண்டு பக்கத்துக்கும் சிக்கல் ஒன்றுதானே? உணரியைச் சுற்றி இருப்பதை அளப்பது. பனியில் ஒளி போகும் வழியை அளக்க வேண்டும், கடலில் சரம் நிற்கும் நிலையை அளக்க வேண்டும். நாளை வகுப்பில் இதைத்தான் பலகையில் வரையப்போகிறேன்.

கடலோடி

ஆமாம் ஐயா, அந்த 1.5 டிகிரி எனக்கும் உறுத்துகிறது. சரங்களின் நிலையைக் கடலிலேயே மறுபடி அளந்தால் அது சுருங்கும், பழைய நிகழ்வையும் திருத்திவிடலாம். பனித்துளி இப்போது சொன்ன அதே முறைதான். ஆனால் பால்வீதி மையம் பற்றி நான் சொன்னதில் மாற்றமில்லை. ஒளிப்பந்துகளின் மங்கலில் பால்வீதி ஒரு பட்டையாகத்தான் தெரிகிறது. அந்தப் பட்டைக்குள் தனித்தனி மூலங்களைப் பிரித்துக் காட்டக் கூர்மையான கோடுகள் வேண்டும், அவை கடலுக்கு அடியிலிருந்துதான் வரும்.

பனித்துளி

அதில் உங்களோடு சேர்ந்து காத்திருக்கிறேன். வட வானத்துக்குத் துருவப் பனியை விட்டுக்கொடுக்கமாட்டேன்.