சிறுபோகத்துக்குத் தண்ணி இல்ல: பயறா, கச்சானா, சோளனா?

உன்னிச்சைத் தம்பி:
மட்டக்களப்பு உன்னிச்சைக் குளத்துக்குக் கீழ எங்களுக்கு மூணு ஏக்கர் களித்தரை. 2024 கார்த்திகை வெள்ளத்தில நெல் வேளாண்மை பச்சையோட அழுகிச்சு. 2025இல நாட்டு நெல்லுக்குக் கிலோ 120 ரூபா எண்டு அரசாங்கம் விலை வைச்சும், பசளை, டீசல், வெட்டுமெசின் கூலி போக ஒண்டும் மிஞ்சல்ல. வாற சிறுபோகத்துக்கு, அதான் கோடைப் போகத்துக்கு, எங்கட வயல் கண்டத்துக்குக் குளத்துத் தண்ணி இல்லையாம். அப்பா வயலச் சும்மா போடச் சொல்றார், எனக்கு மனம் வரல்ல. இப்ப நிக்கிற மாரி நெல்ல வெட்ட இன்னும் ஒரு மாசம் கிடக்கு. எதப் போடலாம்?

மண்டூர் அக்கா:
தம்பி, களியில கச்சான் (நிலக்கடலை) வேணாம். பூ உதிர்ந்த பிறகு அதில இருந்து வாற ஊசி மண்ணுக்குள்ள இறங்கித்தான் காய் பிடிக்கும். இறுகின களியில இறங்காது. புடுங்கைக்க செடி கையோட வரும், காய் மண்ணுக்குள்ள நிண்டிரும். கச்சானுக்கு மணல்தான்.

பயறு (பாசிப்பயறு) போடுங்க. வெட்டின கையோட, மண்ண அள்ளிப் பிடிச்சா உருண்டை நிக்கிற பதத்தில உழுது விதைச்சிரணும். ஒரு கிழம பிந்தினா ஈரம் போயிரும். ஏக்கருக்கு 12 கிலோ விதை போதும், ரெண்டு மாசத்தில காய் முத்தும். வேர் முடிச்சே தழைச்சத்தப் பிடிக்கிறதால யூரியாச் செலவும் குறையும். எங்கட வயல் வரவையில பயத்தங்கொடிய உழுது மடக்கினதுக்குப் பிறகு மாரி வேளாண்மை கறுகறுவெண்டு நிண்டிச்சு, பாக்கவே ஆசை.

கஷ்டம் புடுங்குறதிலதான். காய் எல்லாம் ஒண்டாக் கறுக்காது, ரெண்டு மூண்டு தரம் எடுக்கணும். விடியப் பனியோட இறங்குங்க. நடுப்பகல்ல கை பட்டாலே காய் வெடிச்சுப் பயறு சிதறிடும். லாபத்தத் தின்னுறது அந்தக் கூலிதான். இங்க நாலஞ்சு வீட்டுப் பொம்புளையள் சேர்ந்து மாறி மாறிப் புடுங்குறம்.

அக்கரைப்பற்று நானா:
அக்கா சொல்றது சரி. வரம்போரம் வடிகான் வெட்டிப் போடுங்க தம்பி, தண்ணி ரெண்டு நாள் நிண்டாக் கொடி மஞ்சளிச்சிரும். சோளன் (மக்காச்சோளம்) கோழித்தீனிக்குப் போகும்தான். ஆனா 2018இல நாட்டுக்குள்ள வந்த படைப்புழு குருத்துக்குள்ள இருந்து தின்னும், உங்கட பக்கம் ஆனையும் வரும். காவலுக்கு ஆள் இல்லாட்டிச் சோளன் வேணாம்.

உன்னிச்சைத் தம்பி:
பெரிய உபகாரம். மூணு ஏக்கரும் போடவா அக்கா?

மண்டூர் அக்கா:
விடியப்புறம் வயலுக்கு வரக்கூடிய ஆக்கள் எத்தினை பேரெண்டு முதல்ல எண்ணுங்க, அந்தளவுக்குப் போடுங்க. விதைக்குக் கமநல சேவை நிலையத்தில இப்பவே கேட்டு வைங்க. வாங்குற யாவாரியோடயும் முதல்லயே கதைங்க. பல்லுல கடிச்சா டக்கெண்டு உடையுமட்டும் காய வைச்சுத்தான் மூடை கட்டணும், இல்லாட்டி வண்டு விழும்.