பச்சைப் பெட்டி யாரிடம் இருக்கிறது?

வாட்ஸ்அப் குழு: சுங்கை சிப்புட் (மலேசியா) தாத்தா வீடு

தேவி அக்கா: ஊரிலிருந்து செல்வம் கூப்பிட்டான். இன்னும் மூன்று வாரத்தில் ஜமாபந்தி, அதுதான் தாலுகா ஆபீசில் வருஷா வருஷம் நிலக் கணக்குப் பார்ப்பது; அதில் மனு கொடுக்கப் போகிறார்களாம். தாத்தா கொண்டுவந்த நிலக் காகிதம் வேண்டும் என்கிறான். பச்சைத் தகரப் பெட்டி யாரிடம்?

கோபால்: எந்த நிலம்?

ரவி: எந்தச் செல்வம்?

தேவி அக்கா: சின்னத் தாத்தா பேரன்.

பாலு சித்தப்பா: கோபால், உன் கொள்ளுத்தாத்தாவுக்குச் சர்க்கார் கொடுத்த பஞ்சமி நிலம், பஞ்சமர் என்று ஒதுக்கிவைத்த நம் மக்களுக்கென்று கொடுத்தது. 1891-இல் செங்கல்பட்டு கலெக்டர் ட்ரெமன்ஹீர், நம் மக்கள் படும் பாட்டை எழுதி அரசுக்கு அறிக்கை அனுப்பினார். 1892-இல் நிலம் கொடுக்க ஆணை வந்தது. மதராஸ் மாகாணம் முழுக்க 12 லட்சம் ஏக்கர் வரை கொடுத்ததாகச் சொல்வார்கள். முதல் 10 வருஷம் விற்கக்கூடாது, குத்தகைக்கு விடக்கூடாது. அதற்குப் பிறகும் நம் மக்களுக்குள்தான் கைமாறலாம். வேறு ஆளுக்கு எழுதிக் கொடுத்தால் செல்லாது. கணக்கில் 'டி.சி.' (டிப்ரெஸ்டு கிளாஸ், ஒடுக்கப்பட்டவர்கள்) என்று குறித்திருப்பார்கள்.

ரவி: அப்பா, ஒரே மூச்சில் 🙏

கோபால்: இப்போது என்ன சிக்கல்?

பாலு சித்தப்பா: 1980-களில் யூ.டி.ஆர். என்று பட்டாக் கணக்கைத் திருத்தி எழுதினார்கள். அதில்தான் வந்தது வினை. நம்முடையது 1 ஏக்கர் 62 சென்ட். புதுக் கணக்கில் 65.5 ஏர் இருக்க வேண்டும். செல்வம் அனுப்பிய பட்டாவில் 45.5. மீதி 20 ஏர், அதாவது அரை ஏக்கர், உட்பிரிவாகி வேறு ஒருவர் பெயரில் நிற்கிறது. அதில் டி.சி. என்ற குறிப்பே இல்லை.

தேவி அக்கா: யூ.டி.ஆர். பிழை என்றால் டி.ஆர்.ஓ. (மாவட்ட வருவாய் அலுவலர்) வரை போகவேண்டுமாம். நில விவரம் எழுதிய பழைய 'ஏ' பதிவேட்டு நகலுக்கும் எழுதிப் போட்டிருக்கிறான். பெட்டி யாரிடம்?

கெடா அத்தை: என்னிடம்தான். தோட்டத்து லயத்தை, நம் வரிசை வீட்டை, உடைத்தபோது நான்தான் லாரியில் ஏற்றி வந்தேன். அன்றைக்கு ஒருவரும் வரவில்லை.

பாலு சித்தப்பா: அக்கா, எனக்கு அன்று நைட் ஷிப்ட்.

கெடா அத்தை: சரி சரி.

கோபால்: அத்தை, டுரியான் விழ ஆரம்பித்துவிட்டதா?

ரவி: எனக்கும் இரண்டு

தேவி அக்கா: டுரியான் அப்புறம்!

கெடா அத்தை: பெட்டியைத் திறந்துவிட்டேன். அம்மா சீலைத் துண்டில் சுற்றிக் காகிதம் இருக்கிறது. மடித்த இடமெல்லாம் கிழிந்து நாலு துண்டு. சர்வே நம்பர் பாதிதான் தெரிகிறது. ஓரத்தில் ரேகை வைத்திருக்கிறார் தாத்தா, பெருவிரல் கோடு ஒவ்வொன்றும் தெரிகிறது. கூடவே மைலோ டின்னில் கிஸ்து (நிலவரி) ரசீது 11.

பாலு சித்தப்பா: ரசீதும் இருக்கிறதா!! அக்கா, செலோடேப் ஒட்டவேண்டாம். லாமினேட் வேண்டாம். கண்ணாடிக்கு அடியில் வைத்துப் படம் எடுங்கள்.

கோபால்: மீட்டால் நமக்கும் பங்கு உண்டா?

பாலு சித்தப்பா: அப்பா மலாயாவுக்கு ராஜுலா கப்பலில் ஏறும்போதே அண்ணன் தம்பி பேசி முடித்தது. ஊரில் உழுதது செல்வம் வீட்டார்.

கெடா அத்தை: வரி கட்டியது எங்கள் அப்பா. ரப்பர் பால் வெட்டிய காசில் மணியார்டர்.

தேவி அக்கா: பங்குப் பேச்சு இப்போது வேண்டாம்.

பாலு சித்தப்பா: எனக்கு ஒரு பிடி மண் வேண்டாம். நாற்பது வருஷம் பால் வெட்டிய தோட்டத்தில் அப்பாவுக்கு லயத்து வாசல்கூடச் சொந்தமில்லை. நம் குடும்பத்தின் பெயருக்கு எழுதிய மண் அது ஒன்றுதான். அந்த 20 ஏர் செல்வம் பிள்ளைகளுக்குப் போய்ச் சேரவேண்டும். அந்த இரண்டு எழுத்தும் கணக்கில் ஏறவேண்டும்.

கோபால்: தெரியாமல் கேட்டேன் சித்தப்பா.

தேவி அக்கா: அசல் கேட்டால்? கூரியரில் போடலாமா?

பாலு சித்தப்பா: கூடாது. ஆள்தான் கொண்டுபோக வேண்டும். ரவி கல்யாணத்துக்குச் சென்னை போகிறானே.

கெடா அத்தை: ரவியிடமா? போன தடவை கொடுத்த அம்மா போட்டோ இன்னும் வரவில்லை.

ரவி: பிரேம் போடக் கொடுத்திருக்கிறேன் அத்தை

கெடா அத்தை: நானே கொண்டுபோகிறேன். டிக்கெட் பாருங்கள்.

தேவி அக்கா: உங்கள் பாஸ்போர்ட் எப்போது முடிகிறது?

கெடா அத்தை: 2019.