பொருள்: அணுவெடிப்பு ‘ஃபால்அவுட்’ – தமிழில் எப்படி?

க.மு.:
குழுமத்தாருக்கு வணக்கம். பசிபிக் கடலிலுள்ள மார்ஷல் தீவுகள் பற்றிய பள்ளிக் கண்காட்சி ஒன்றுக்கு விளக்கப் பலகைகளைத் தமிழாக்கம் செய்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகவேண்டும். அங்கே பிக்கினி, எனிவெட்டாக் பவளத்தீவுகளில் 1946 முதல் 1958 வரை அமெரிக்கா சோதனைக்காக வெடித்த 67 அணுகுண்டுகள்தான் பொருள். வெடித்தபின் வானத்திலிருந்து விழும் கதிரியக்கப் பொடியான ‘ஃபால்அவுட்’டுக்கு ‘கதிரியக்க வீழ்படிவு’ என்று போட்டேன். படித்துப்பார்த்த ஆசிரியை, “சோதனைக்குழாய் அடியில் தங்குமே, அதுவா?” என்றார்.

ந.:
கேட்டது சரிதான். வீழ்படிவை வேதியியல் எடுத்துக்கொண்டுவிட்டது. ‘வீழ்துகள்’ என்று வையுங்கள். வினைத்தொகை, வீழ்ந்த, வீழ்கின்ற, வீழும் மூன்றும் அடக்கம். ஒற்று மிகாது, கவனம். ‘வீழ்த்துகள்’ என்று அச்சாகிவிட்டால் யாரையோ வீழ்த்தப் புறப்பட்டதுபோல் இருக்கும்.

செ.:
துகள் வேண்டாம் ஐயா. கதிரியக்கத்தில் வெளிவரும் ஆல்ஃபா துகள், பீட்டா துகளோடு குழம்பும். ‘வீழ்தூசி’ போதுமே.

ந.:
பழைய வழக்கில் தூசி என்றால் முன்னணிப் படை, அம்மா. தூசு என்றால் ஆடை.

செ.:
எட்டாம் வகுப்புக்கு அது தெரியாது. நல்லதாகப் போயிற்று.

இரா.:
இரண்டும் வேண்டாம். விழுந்தது என்ன பொருள் என்று பாருங்கள். 1954 மார்ச் 1, பிக்கினியில் ‘பிராவோ’ என்ற குண்டின் வெடிப்பு. 6 மெகாடன் (ஒரு மெகாடன் பத்து லட்சம் டன் டி.என்.டி. வெடிமருந்துக்குச் சமம்) அளவுக்கு எதிர்பார்த்தார்கள், 15 வந்தது. பவளப்பாறை வெந்து பொடியாகி மேலே போய், 150 கிலோமீட்டருக்கும் அப்பால் ரோங்கெலாப் தீவில் வெள்ளையாக இறங்கியது. பவளம் சுட்டால் சுண்ணாம்பு. கிளிஞ்சலைச் சூளையில் சுட்டு நீற்றுகிறோமே, அந்த நீறு! சாம்பலுக்கும் நீறு, சுண்ணாம்புப் பொடிக்கும் நீறு. இவ்வளவு பொருந்தும் சொல் வேறு மொழியில் கிடைக்காது. அதே பொடி தங்கள் மீன்பிடிப் படகில் 23 பேர்மேல் விழுந்ததை ஜப்பானியர் ‘சாவின் சாம்பல்’ என்றார்கள். நாம் ‘கதிர்நீறு’ என்போம்.

செ.:
நீறு என்றதும் பிள்ளைகளுக்கு நெற்றிதான் நினைவுக்கு வரும். ரோங்கெலாப் பிள்ளைகள் அந்தப் பொடியில் விளையாடினார்கள். குடிநீரிலும் விழுந்தது. வாந்தி, தோல் புண், அப்புறம் கொத்தாக முடி உதிர்வு. இரண்டு நாள் கழித்துத்தான் அவர்களை அப்புறப்படுத்தினார்கள். இதற்குப் போய்ப் புனிதச் சொல்லா?

இரா.:
புனிதம் ‘திரு’வில் இருக்கிறது, நீற்றில் இல்லை.

மட்டுறுத்துநர்:
திருநீறு தனி இழைக்குப் போகட்டும்.

வி.:
எல்லோரும் விழுவதையே பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள். 1957இல் ரோங்கெலாப் மக்களை ஊருக்குத் திருப்பி அனுப்பியபோது வானத்திலிருந்து எதுவும் விழவில்லை. இருந்தது மண்ணில். பவள மண்ணில் பொட்டாசியம் குறைவு. தென்னை அதற்குப் பதிலாக சீசியம்-137 என்ற கதிரியக்கப் பொருளை உறிஞ்சிக்கொள்ளும். இளநீரில் வரும், தேங்காய் நண்டில் வரும். அன்று பொடியில் விளையாடிய பிள்ளைகளில் பலருக்கு வருடங்கள் கழித்துக் கழுத்தில் தைராய்டுக் கட்டி வந்தது. கடைசியில் 1985இல் ரோங்கெலாப் மக்களே கிரீன்பீஸ் என்ற சுற்றுச்சூழல் அமைப்பின் கப்பலேறி மெஜாட்டோ என்ற வேறு தீவுக்குப் போனார்கள். பிக்கினிக்காரர்களும் 1970களில் திரும்பி வந்து, 1978இல் மறுபடி வெளியேற்றப்பட்டவர்கள். ‘வீழ்’ என்றால் ஒருநாள் சங்கதி ஆகிவிடுகிறது. ‘கதிரெச்சம்’ என்று சொல்லலாம்.

ந.:
பெயரெச்சம், வினையெச்சம், காக்கை எச்சம். சந்ததியும் எச்சம்தான்.

வி.:
சந்ததி என்ற பொருளும் சேரட்டும் ஐயா. அங்கே தாய்மார் கருச்சிதைவுகளையும் உருவமே இல்லாத பிறப்புகளையும் பற்றிச் சொல்லியிருக்கிறார்கள்.

க.மு.:
சரி, எனக்கு நேரமில்லை. வானத்திலிருந்து விழும் இடங்களில் ‘வீழ்தூசி’. மண்ணிலும் தேங்காயிலும் தங்கும் இடங்களில் ‘கதிரெச்சம்’. நால்வர் சம்மதம் என்று எடுத்துக்கொள்கிறேன்.

ந.:
மூவர். நான் துகளை விடவில்லை.

இரா.:
என் மறுப்பையும் எழுதிக்கொள்ளுங்கள். தூசி என்றால் தட்டிவிட்டுப் போய்விடலாம். சுண்ணாம்பு அப்படியா?

க.மு.:
எழுதிக்கொண்டேன் ஐயா. அடுத்தது எனிவெட்டாக்கிலுள்ள ரூனிட் தீவுப் பலகை. கதிரியக்க மண்ணைக் குண்டுப் பள்ளத்தில் கொட்டிக் கான்கிரீட்டால் மூடியிருக்கிறார்கள். அது குவிமாடமா, மூடியா? நாளை மாலைக்குள் சொல்லுங்கள்.