முதுகுக் காற்றில் ஒரு இம்மெல்மான் திருப்பம்

தோவாளைப் பக்கத்துப் பொட்டல் ஒன்றில் என் தங்கை மகனும் நானும் ரிமோட் விமானம் பறக்கவிட்டு வருகிறோம். ஃபோம் அட்டையில் நாங்களே வெட்டி ஒட்டிய விமானத்தைச் சென்ற ஆனி மாதத்தில் இழந்த விதத்தை, இம்மெல்மான் திருப்பம் பழகுபவர்களுக்கு உதவும் என்பதால் எழுதுகிறேன்.

நேராகப் பறக்கும் விமானத்தை மேல்நோக்கி அரை வட்டமாக இழுத்து, உச்சியில் தலைகீழாக வந்ததும் அரைச் சுழற்சி கொடுத்து நிமிர்த்தினால், அது வந்த திசைக்கே, ஆனால் முன்னைவிட உயரத்தில், திரும்பிவிடும். 1916-ல் போரில் இறந்த ஜெர்மன் விமானி மாக்ஸ் இம்மெல்மானின் பெயர் இதற்கு நிலைத்துவிட்டது. அவர் ஓட்டிய ஃபோக்கர் விமானத்தில் எய்லரான் (விமானத்தைப் பக்கவாட்டில் சாய்க்க இறக்கையின் பின்விளிம்பில் அசையும் மடல்) கிடையாது, இறக்கையையே முறுக்கித்தான் சாய்க்க வேண்டும் என்பதால், அவர் செய்தது இன்றைய வடிவமாக இருந்திருக்காது என்றே கருதுகிறேன்.

அன்று ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்று பலமாக வீசியது. மேற்கிலிருந்து வந்த அந்தக் காற்றை எதிர்த்து முழு த்ராட்டிலில், அதாவது மோட்டாரின் முழு விசையில் ஓட்டி, மூக்கை உயர்த்தும் வால் மடலான எலிவேட்டரை இழுத்தேன்; அரை வட்டம் அழகாகவே அமைந்தது. ஏற்றத்தில் வேகமெல்லாம் செலவாகி, உச்சியில் விமானம் தளர்ந்திருந்தது. ஆனால் நிமிர்த்தியதும் காற்று முதுகிலிருந்து தள்ளியதால், தரையில் நின்ற என் கண்ணுக்கு அது பாய்ந்து போவதாகத் தோன்றியது. இறக்கைமீது ஓடும் காற்றின் வேகம் வேறு, தரையை அது கடக்கும் வேகம் வேறு என்பது தெரிந்திருந்தும், கண்ணை நம்பி த்ராட்டிலைக் குறைத்தேன். கைமீறிப் போய்விடுமே என்று எலிவேட்டரையும் இழுத்தேன்.

"மாமா, இழுக்காதீங்க!" என்று அவன் கத்துவதற்குள், இறக்கைமீது ஓடும் காற்றின் வேகம் போதாமல் இடது இறக்கை வெடுக்கென்று சரிந்து, விமானம் சுழன்றபடியே பிச்சித் தோட்டத்துக்குள் விழுந்தது.

பூப்பறித்துக்கொண்டிருந்த பாட்டியம்மா, "இது யாருக்க பிளேன் மக்களே?" என்று கேட்டபடி எடுத்துக் கொடுத்தார். மூக்கு நசுங்கி, மோட்டார் தண்டு வளைந்து, ப்ரொபெல்லரில் பிச்சி மொட்டுகள் நசுங்கி ஒட்டியிருந்தன. அவர் நின்ற இடத்துக்கும் அது விழுந்த இடத்துக்கும் பத்தடி கூட இல்லை என்பதை நினைத்தால் இன்றும் நெஞ்சு பதறுகிறது. காற்று கொண்டுபோகும் பக்கத்தில் ஆள் இருந்தால் அதன்பிறகு நாங்கள் பறக்கவிடுவதே இல்லை.

உச்சியில் வேகத்தை அறிய எய்லரானையே நம்புங்கள்: அதை அசைத்தும் விமானம் சாயாமல் சுணங்கினால் வேகம் போதவில்லை என்று பொருள். த்ராட்டிலைக் குறைக்காமல் மூக்கைச் சற்றே தாழ்த்தி விட்டால் வேகம் மீளும். இப்போது நான் நிமிர்த்தியதும் அவன் பக்கத்தில் நின்று மூன்று எண்ணுகிறான். அதுவரை எலிவேட்டரை நான் இழுப்பதில்லை.