பட்டாவில் பேர் ஏறின கதை: உங்கள் அனுபவத்தையும் எழுதுங்கள்

போன ஜமாபந்திக்கு அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனேன். எங்களுக்கு இது மூன்றாவது வருடம். பந்தல், மேசை மேல் பச்சைத் துணி, வரிசையாகப் பிளாஸ்டிக் நாற்காலி. அதிகாரி வந்ததும் முதல் வேலையாக நில அளவைச் சங்கிலியை விரித்துக் காட்டினார்கள், அவர் குனிந்து பார்த்தார், ஒருவர் போட்டோ எடுத்தார், அப்புறம் சுருட்டி மூலையில் வைத்துவிட்டார்கள். சாயங்காலம் வரை அதை யாரும் தொடவில்லை. வந்திருந்த அத்தனை பேரும் மனு கொடுக்க வந்தவர்கள்.

ஜமாபந்தி என்பது பசலி முடியும் நேரத்தில் கிராமக் கணக்கைச் சரிபார்த்து வரியை முடிக்கிற வேலை. ஜூலை 1ல் தொடங்கி ஜூன் 30 வரை ஒரு பசலி. வெள்ளைக்காரன் காலத்தில் நிலவரிதான் கஜானாவுக்கு உயிர். இன்றைக்கு எங்கள் 1 ஏக்கர் 12 சென்டுக்குக் கட்டுகிற கிஸ்தியை வைத்துப் பந்தல் வாசலில் நாலு டீ வாங்க முடியாது. ஆனாலும் பேர் அதேதான், பந்தலும் அதேதான், உள்ளே நடக்கிறதுதான் வேறு.

எங்கள் தலைவலி யூடிஆர். 1979ல் ஆரம்பித்து 1987 வரை நில ஆவணங்களைப் புதுசாக எழுதினார்களே, அதில் தாத்தா பேர் சரியாக ஏறியது, தகப்பனார் பேர் இருக்க வேண்டிய இடத்தில் அவருடைய அண்ணன் பேர் விழுந்துவிட்டது. ஏன் அப்போதே சொல்லவில்லை என்று மேசைக்கு மேசை கேட்கிறார்கள். அப்போது அது பிழை என்றே யாருக்கும் தோன்றவில்லை, அதுதான் உண்மை. மூத்தவர் பேரில் பட்டா இருக்கும், அவரே கிஸ்தி கட்டி ரசீதைத் தகரப் பெட்டியில் போடுவார், தம்பிகள் உழுவார்கள். பட்டாவில் பேர் இருந்தால் வரி கேட்டு ஆள் வரும், இல்லாவிட்டால் நிம்மதி.

அந்த நினைப்பு மாறியது, பணம் எதிர்த்திசையில் வர ஆரம்பித்தபோதுதான். பயிர்க்கடன், வெள்ள நிவாரணம், பயிர்க் காப்பீடு, ரோடு போட நிலம் எடுத்தால் இழப்பீடு, 2019ல் வருடம் 6000 ரூபாய் பிஎம் கிசான், எதற்குப் போனாலும் முதல் கேள்வி உங்கள் பேரில் பட்டா இருக்கிறதா என்பதுதான். எங்களுடையது கூட்டுப் பட்டா, ஏழு பேர், அதில் ஐந்து பேர் உயிரோடு இல்லை. அம்மா மனுவைக் கொடுத்துவிட்டு “இந்தத் தடவையாவது முடியுமா சார்” என்றாள். “ஆன்லைன்ல ஏத்தியாச்சு பாட்டி” என்றார்கள். சரி, உங்கள் ஊரில் எப்படி?

*

நான் ஓய்வு பெற்ற விஏஓ, அதாவது கிராம நிர்வாக அலுவலர். எண்பதுகளில் பரீட்சை எழுதி வந்தவன். எனக்கு முன்னால் அந்த ஊரில் கிராமக் கணக்கு எழுத ஒரு கணக்குப்பிள்ளை, வரி வசூலிக்க ஒரு மணியக்காரர். பரம்பரை உரிமை 1968லேயே சட்டப்படி போய்விட்டது, ஆனால் நடைமுறையில் அதே ரெண்டு வீட்டில்தான் வேலை சுற்றிக்கொண்டிருந்தது. 1980 நவம்பரில் எம்ஜிஆர் அரசு ஒரே அவசரச் சட்டத்தில் அந்தப் பகுதி நேரப் பதவிகளை எல்லாம் எடுத்துவிட்டது. சுப்ரீம் கோர்ட் வரை போனார்கள், 1982ல் அங்கேயும் சட்டம் செல்லும் என்று தீர்ப்பாகிவிட்டது.

நான் போய்ச் சேர்ந்த புதிதில் ஜனங்கள் என்னிடம் மனு கொடுத்துவிட்டு நேராகப் பழைய கணக்குப்பிள்ளை வீட்டுத் திண்ணைக்குப் போய் “இந்தப் பையன் எழுதினது சரியா” என்று கேட்பார்கள். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். ஆனால் எந்தப் பங்காளி எந்த வரப்பு வரைக்கும் அனுபவிக்கிறான் என்பது அவர் மண்டையில்தான் இருந்தது, எந்த நிலம் யாருடையது என்று எழுதி வைக்கிற என் ‘அ’ பதிவேட்டில் இல்லை. ஒரு வருடம் கழித்து நானே பேனாவோடு அந்தத் திண்ணைக்குப் போனேன், வெட்கப்படாமல் சொல்கிறேன். அதற்காக அந்தக் காலத்தை யாரும் இங்கே புகழ வேண்டாம். காலனிக்காரர் அந்தத் திண்ணையில் ஏற முடியாது, தெருவில் நின்றுதான் சொல்ல வேண்டும். என் ஆபீஸ் ஓட்டுக் கட்டிடம், மழைக்கு ஒழுகும், ஆனால் யார் வந்தாலும் உட்கார ஒரு பெஞ்சு இருந்தது.

எதில் என்ன பயிர் என்று அடங்கல் எழுத வயல் வயலாக நடந்தவன் கடைசியில் சான்றிதழ் எழுதுகிறவன் ஆகிவிட்டேன். ஜாதி, வருமானம், இருப்பிடம். 2010ல் முதல் பட்டதாரிகளுக்குக் கல்விக் கட்டணச் சலுகை வந்ததா, பிளஸ் டூ ரிசல்ட் வந்த மறுநாள் வாசலில் அப்பாக்கள் கூட்டம். குடும்பத்தில் வேறு பட்டதாரி இல்லை என்று விசாரித்து எழுத வேண்டும். ஒரு வீட்டில் அண்ணன்காரன் ரெண்டு அரியரோடு நிற்கிறான், அவன் பட்டதாரியா இல்லையா என்று ஒரு நாள் முழுக்கப் பஞ்சாயத்து. நஞ்சை புஞ்சைத் தகராறில்கூட நான் அவ்வளவு முழித்ததில்லை.

*

விஏஓ ஐயா பெஞ்சைச் சொன்னதும் எனக்கு என் கதை ஞாபகம் வந்தது. எனக்கு 1987ல் கல்யாணம். தமிழ்நாட்டில் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் பங்கு என்று சட்டம் வந்தது 1989 மார்ச்சில், அதுவும் அதற்கு முன்னால் கல்யாணம் ஆனவர்களுக்குக் கிடையாது. ரெண்டு வருடத்தில் தவறவிட்டேன். என் தங்கைக்கு 1991ல் ஆனது, அவளுக்கு உண்டு! ஒரே வயிற்றில் பிறந்து ஒரே வீட்டில் வளர்ந்த ரெண்டு பேருக்கு ரெண்டு சட்டம். 2005ல் மத்திய அரசு எல்லா மகள்களுக்கும் என்று மாற்றியது, ஆனால் எங்கள் அப்பா 2001லேயே போய்விட்டார், ஆகையால் உனக்கு வராது என்றான் தம்பி, ஒரு வக்கீலும் அப்படியே சொன்னார். 2020 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட் அப்பா அந்தத் தேதியில் உயிரோடு இருக்க வேண்டியதில்லை என்று சொன்ன பிறகுதான் எழுந்து உட்கார்ந்தேன்.

வாரிசுச் சான்றிதழில் எங்கள் பேர் ஆரம்பத்திலிருந்தே இருந்தது, அதுதான் வேடிக்கை. அந்தக் காகிதத்தைக் காட்டித்தான் தம்பி தன் பேருக்கு மட்டும் பட்டா மாற்றியிருந்தான். தாலுகா ஆபீசில் ஒரு பெண் கிளார்க் ரெண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துவிட்டு “அக்கா, இது ஊரெல்லாம் இப்படித்தான்” என்றாள். இப்போது பட்டாவில் என் பேர் மூன்றாவதாக இருக்கிறது. தம்பி இன்னும் பேசவில்லை. தீபாவளிக்குத் தம்பி பெண்டாட்டி மட்டும் மகனிடம் அதிரசம் கொடுத்தனுப்பினாள்.

*

நான் இ-சேவை மையம் வைத்திருக்கிறேன், மேலே எழுதினவர்கள் எல்லாரும் கடைசியில் வந்து நிற்கிற கவுன்ட்டர் என்னுடையதுதான். உட்பிரிவு, அதாவது நிலத்தை அளந்து பிரிப்பது, தேவைப்படாத சொத்து என்றால் இப்போது பத்திரம் பதிந்ததும் பட்டா தானாகவே மாறிவிடுகிறது, அதைப் பார்க்கும்போது நல்லாத்தான் இருக்கிறது. உட்பிரிவு என்றால் சர்வேயருக்காகக் காத்திருக்க வேண்டியதுதான், அதில் கம்ப்யூட்டர் ஒன்றும் செய்யாது.

பேரைச் சேர்க்கத்தான் எல்லாரும் வருவார்கள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். 2023ல் மகளிர் உரிமைத் தொகை வந்தபோது ஒரு அம்மா பேரை எடுக்க வந்தார். 5 ஏக்கர் நஞ்சை, 10 ஏக்கர் புஞ்சைக்கு மேல் இருந்தால் கிடையாது என்று விதி. அவர் வீட்டுக்காரர் பேர் கூட்டுப் பட்டாவில் 14 ஏக்கர் மானாவாரி நிலத்தில் எட்டாவது ஆளாக இருக்கிறது. கைக்கு வருவது ஒன்றரை ஏக்கர் கருவேலங்காடு. “முதல்ல பேர் இல்லேன்னு அலைஞ்சோம், இப்ப பேர் இருக்குன்னு அலையறோம்” என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை, அந்த அப்பீலை நான்தான் டைப் செய்தேன்.

எங்கள் கடைக்கு எதிரே புளியமரத்தடியில் மனு எழுதுகிற பெரியவர் ஒருவர் முப்பது வருடமாக உட்கார்ந்திருந்தார். இப்போது வருகிறவர்களிடம் என்னென்ன காகிதம் வேண்டும் என்று சொல்லி, அடுக்கிக் கிளிப் போட்டு என்னிடம் அனுப்புகிறார், இருபது ரூபாய் வாங்கிக்கொள்கிறார். சிலர் அது லஞ்சம் மாதிரி என்கிறார்கள். அவர் அடுக்கி அனுப்பினால் திரும்பி வருவதில்லை, எனக்கு அது போதும்.

நேற்று ஒரு பாட்டி, ஓடிபி பேரன் போனுக்குப் போகிறது, பேரன் திருப்பூரில் ஷிப்டில் இருக்கிறான். மூன்று தடவை அனுப்பினேன், மூன்று தடவையும் நேரம் முடிந்துவிட்டது. நாலாவது தடவை அவன் எடுத்து எண்ணைச் சொல்ல ஆரம்பித்தான், பின்னால் தறிச் சத்தத்தில் ஏழா ஆறா என்று தெரியவில்லை. பாட்டி பெஞ்சில் உட்கார்ந்து சுருக்குப் பையிலிருந்து பழைய கிஸ்தி ரசீதை எடுத்து “இதுல நம்பர் இருக்கு பாருப்பா” என்று நீட்டினார்.