சிகாகோ போகும் வழியில் நாலு மைதானம்

வாட்ஸ்அப் குழு: திருச்சி டு எடிசன்

சனிக்கிழமை

கார்த்தி: ஒரு யோசனை. ஆகஸ்டில் அப்பா அம்மாவை பிரியா வீட்டுக்குக் கொண்டுபோய் விடவேண்டும் இல்லையா, இந்தத் தடவை விமானம் வேண்டாம், வேனிலேயே போகலாம் என்று பார்க்கிறேன். நியூஜெர்சி எடிசனிலிருந்து சிகாகோ பக்கத்து நேப்பர்வில், அதாவது பிரியா வீடு, கிட்டத்தட்ட 800 மைல். ஒரே மூச்சில் ஓட்டினால் சாகவேண்டியதுதான், ஆனால் நாலைந்து நாளாகப் பிரித்துக்கொண்டால் வழியில் நாலு பேஸ்பால் ஸ்டேடியமும் பார்த்துவிடலாம்.

பிரியா: அண்ணா, போன வருஷம் நாலு மணி நேரம் ஓட்டிவிட்டு முதுகு பிடித்துக்கொண்டது என்று ரெண்டு நாள் படுத்தது யார்?

வித்யா: நான் ஒன்றும் சொல்லவில்லை, அவளாகவே கேட்கிறாள் 😄

அகிலன்: நாலு ஏன், மொத்தம் 30 இருக்கு. 29 இங்கே, 1 டொரண்டோவில். எல்லாத்தையும் ஒரே லீவில் முடிச்சவங்க இருக்காங்க.

கார்த்தி: அவர்களுக்கு வேலை இல்லை. எனக்கு இருக்கிறது.

அப்பா: கார்த்தி, ஒன்று கேட்கிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதே. மைதானம் என்றால் மைதானம்தானே. ஒன்று பார்த்தால் போதாதா?

அகிலன்: தாத்தா இல்லை தாத்தா. ஓடித் தொடவேண்டிய பேஸுக்கு பேஸ் 90 அடி, பந்து போடுற பிட்சர் நிற்கிற இடத்திலேர்ந்து அடிக்கிறவர் பக்கம் 60 அடி 6 அங்குலம், அது எல்லா ஊரிலும் ஒண்ணுதான். ஆனா வெளிச்சுவர் எவ்வளவு தூரம், எவ்வளவு உயரம்ங்கிறது ஊருக்கு ஊர் வேற. பாஸ்டன் ஃபென்வே பார்க்கில் இடது பக்கச் சுவர் 310 அடியிலேயே வந்துடும், ஆனா உயரம் 37 அடி. அங்கே ஒருத்தர் தூக்கி அடிச்சா சுவரில் பட்டு உள்ளேயே விழும், அதே அடி வேற ஊரில் ஹோம் ரன்.

அப்பா: அதாவது ஒரு ஊரில் சிக்ஸர், இன்னொரு ஊரில் ரெண்டு ரன்.

அகிலன்: ஆமா!! பாஸ்டனில் அந்தச் சுவரிலேயே ஸ்கோர் போர்டு, இன்னும் கையால்தான் நம்பர் மாத்துறாங்க. 1912ல் கட்டினது.

அப்பா: சேப்பாக்கம் 1916. அப்படியென்றால் நம்முடையதைவிட நாலு வருஷம் மூத்தது. சரி, எனக்கு விஷயம் பிடித்துவிட்டது.

அம்மா: டொரண்டோ என்றால் நயாகரா பக்கம்தானே? அதையும் பார்த்துவிடலாமே.

சுரேஷ்: அத்தை, டொரண்டோ சிக்கல். எங்களுக்கு கிரீன் கார்டு இருப்பதால் பாஸ்போர்ட்டையும் கார்டையும் காட்டிப் போய்விடலாம், நீங்களும் மாமாவும் விசிட்டர் விசாவில் வருகிறீர்கள், கனடாவுக்குத் தனி விசா வாங்க வேண்டும். நயாகராவை அமெரிக்கப் பக்கத்திலிருந்தே இன்னொரு நாள் பார்க்கலாம்.

அம்மா: சரி விடுங்கள், அருவி எங்கேயும் போய்விடாது.

கார்த்தி: இப்போது என் திட்டம். வெள்ளி சாயங்காலம் பால்டிமோர். சனிக்கிழமை காலை கிளம்பி நாலு மணி நேரத்தில் பிட்ஸ்பர்க், அன்று இரவு அங்கே மேட்ச். ஞாயிறு கிளீவ்லாந்து, அது ரெண்டேகால் மணி நேரம்தான், ஞாயிறு மேட்ச் மதியமே ஆரம்பித்துவிடும். திங்கள் ஓய்வு. அப்புறம் சிகாகோ.

வித்யா: ஃபிலடெல்ஃபியா நம் வீட்டிலிருந்து ஒன்றரை மணி நேரம், அதை இதில் சேர்க்காதீர்கள். அகிலன் பள்ளி விட்டு வந்தபிறகுகூடப் போகலாம்.

கார்த்தி: சேர்க்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை

அகிலன்: அப்பா பெரிய பிரச்னை. நீங்க சொன்ன வாரம் பிட்ஸ்பர்க் டீம் ஊரிலேயே இல்லை.

கார்த்தி: என்னடா சொல்கிறாய்

அகிலன்: ஒரு சீசனில் ஒரு டீமுக்கு 162 மேட்ச், அதில் 81தான் சொந்த ஊரில். ஒரு வாரம் ஊரில் இருப்பாங்க, அடுத்த வாரம் வெளியூர் போயிடுவாங்க. நீங்க மேப்பை மட்டும் பார்த்தீங்க, ஷெட்யூலைப் பார்க்கலை.

சுரேஷ்: மச்சான் கதை முடிந்தது 😂 மேப்பில் நேர்க்கோடு போட்டால் மேட்ச் நேர்க்கோட்டில் வராது. நான் ஒருமுறை ஆபீஸ் ஆட்களோடு டிட்ராய்ட் போய் வெறும் கதவைப் பார்த்துவிட்டு வந்தவன். ஜூலை நடுவில் ஆல் ஸ்டார் இடைவேளை என்று மூன்று நாலு நாள் எந்த ஊரிலும் மேட்ச் கிடையாது, எங்களில் ஒருவருக்கும் அது தெரியவில்லை. டிக்கெட் எடுக்காமல் போனதால் பணமாவது தப்பியது.

கார்த்தி: சரி, ஒரு வாரம் தள்ளினால்?

அகிலன்: பால்டிமோர் ஓகே, பிட்ஸ்பர்க் ஓகே, கிளீவ்லாந்து ஓகே. ஆனா சிகாகோவில் ரெண்டு டீம், அதில் கப்ஸ் வெளியூர். ஒயிட் சாக்ஸ் மட்டும்தான் இருப்பாங்க.

பிரியா: அப்படியானால் பிட்ஸ்பர்க்கா, கப்ஸ் ஆடும் ரிக்லி மைதானமா என்று முடிவு பண்ணுங்கள்.

அம்மா: பிட்ஸ்பர்க்கில்தானே அந்தப் பெருமாள் கோயில்? 

வித்யா: ஆமாம் அத்தை, பென் ஹில்ஸில். பால்டிமோரிலிருந்து வரும்போது ஊருக்குள் நுழைவதற்கு முன்னாலேயே. தரிசனம் முடித்துவிட்டு கேன்டீனில் புளியோதரை, தயிர்சாதம் சாப்பிட்டுவிட்டு நேராக மேட்ச் போகலாம்.

அம்மா: அப்போது பிட்ஸ்பர்க்.

கார்த்தி: ஓட்டெடுப்பு முடிந்தது.

சுரேஷ்: ஸ்டேடியமாகப் பார்த்தாலும் அதுதான் சரி மாமா. நான் பார்த்ததில் பிட்ஸ்பர்க் மைதானத்தை மிஞ்ச எதுவும் இல்லை. மேட்ச் நாளில் பக்கத்து ஆற்றுப் பாலத்தில் வண்டிகளை நிறுத்திவிடுவார்கள், டவுன்டவுனிலிருந்து பாலத்தின் நடுரோட்டிலேயே நடந்து போகலாம், நம் ஊர்த் தேர்க்கூட்டம் மாதிரி இருக்கும். பாலத்துக்கு அந்த டீமின் பழைய ஆட்டக்காரர் ராபர்ட்டோ கிளெமென்ட்டே பெயர். 1972 டிசம்பர் 31 அன்று நிகராகுவா பூகம்பத்துக்கு நிவாரணப் பொருள் ஏற்றிக்கொண்டு போன விமானம் கடலில் விழுந்து இறந்தவர். பந்தை அடித்து பேஸ் போய்ச் சேர்ந்தால் ஒரு ஹிட், அவர் கணக்கு சரியாக 3000 ஹிட். அவர் சட்டை எண் 21, அதனால் வலது பக்கச் சுவரை 21 அடி உயரத்துக்குக் கட்டியிருக்கிறார்கள்.

அப்பா: நல்ல மனுஷன். அந்தச் சுவருக்கு நேராக உட்காரும்படி டிக்கெட் எடுங்கள்.

அகிலன்: தாத்தா, இன்னொண்ணு. 2008ல் நம்ம ஊர் ஆள் ரெண்டு பேரை பிட்ஸ்பர்க் டீம் எடுத்தாங்க. ரிங்கு சிங், தினேஷ் படேல்.

அப்பா: யாரு, கொல்கத்தா ரிங்குவா? அவன் 2008ல் சின்னப் பையன்.

அகிலன்: அவர் வேற தாத்தா 😂 இவங்க ஈட்டி எறியுறவங்க. வேகமா பந்து போடுற போட்டி வெச்சுத் தேர்ந்தெடுத்தாங்க. மேஜர் லீக் வரைக்கும் போகலை, கீழ் லீக்கில் ஆடினாங்க.

பிரியா: ரிக்லிக்கு என் யோசனை. அப்பா அம்மா எங்களோடு ஒரு மாதம் இருக்கப்போகிறார்கள். கப்ஸ் ஊருக்குத் திரும்பியதும் நானே கூட்டிப்போகிறேன். அங்கே பார்க்கிங் தேடுவது நரகம், ரயிலில் போய் ஆடிசன் ஸ்டேஷனில் இறங்கினால் ஸ்டேடியம் எதிரிலேயே. மதிய மேட்சாகப் பார்த்து எடுக்கிறேன், 1988 வரைக்கும் அங்கே விளக்கே கிடையாது, வெயிலில் பார்த்தால்தான் அந்த மைதானம்.

அகிலன்: அப்போ எனக்கு ரிக்லி இல்லையா அத்தை

பிரியா: கண்ணா, மேட்ச் இல்லாத நாளில் உள்ளே சுற்றிக்காட்டுவார்கள். நீ வரும்போது அதற்கு டிக்கெட் போடுகிறேன்.

அகிலன்: காலி மைதானத்தில் என்ன பார்க்கிறது 😒 சுவர் பூரா கொடி படர்ந்திருக்கும், பந்து அதுக்குள்ளே மாட்டிக்கிட்டா ஃபீல்டர் ரெண்டு கையையும் தூக்குவார், அடிச்சவரை ரெண்டு பேஸோடு நிறுத்திடுவாங்க. அதெல்லாம் மேட்சில்தான் பார்க்க முடியும்.

அப்பா: அகிலா, நான் சேப்பாக்கத்தை முதலில் பார்த்ததே காலியாகத்தான். காலேஜ் படிக்கும்போது ஏதோ வேலையாக மெட்ராஸ் போனேன், கேட்டில் இருந்தவரிடம் திருச்சியிலிருந்து வருகிறேன், ஒரே ஒரு நிமிஷம் என்று கெஞ்சினேன். உள்ளே ஒருவர் மட்டும் புல்லுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். அதற்கப்புறம் எத்தனையோ மேட்ச் பார்த்தேன், 1999ல் பாகிஸ்தான் 12 ரன்னில் ஜெயித்துவிட்டு மைதானத்தைச் சுற்றி வந்தபோது எழுந்து நின்று கைதட்டிய கூட்டத்திலும் இருந்தேன். ஆனால் சேப்பாக்கம் என்றால் எனக்கு முதலில் ஞாபகம் வருவது அந்தத் தண்ணீர்க் குழாய்தான்.

அகிலன்: சரி தாத்தா. டூர் போறேன். ஆனா ஒயிட் சாக்ஸ் மேட்சும் வேணும்.

கார்த்தி: அது உண்டு.

வித்யா: சாப்பாடு. பால்டிமோரிலும் பிட்ஸ்பர்கிலும் வெளியிலிருந்து கொண்டுபோகும் சாப்பாட்டை உள்ளே விடுகிறார்கள், தண்ணீர் பாட்டில் மூடி திறக்காததாக இருக்கவேண்டும். பையின் அளவுக்கு ஊருக்கு ஊர் ஒரு சட்டம், அதை முந்தின நாள் நானே பார்த்துக்கொள்கிறேன். எவர்சில்வர் டப்பா மட்டும் வேண்டாம் அத்தை, வாசலில் ஒவ்வொன்றாகத் திறந்து காட்டச் சொன்னால் பின்னால் நிற்பவர்கள் திட்டுவார்கள்.

அம்மா: இட்லியை மிளகாய்ப்பொடி தடவி ஃபாயிலில் சுற்றிக்கொள்ளலாம். மேட்ச் எத்தனை மணி நேரம்? என் முழங்கால் தாங்குமா?

கார்த்தி: முன்பு மூன்று மணி நேரத்துக்கு மேல் இழுக்கும் அம்மா. 2023ல் பந்து போட இத்தனை வினாடி என்று கடிகாரம் வைத்தார்கள், அதிலிருந்து சராசரி ரெண்டே முக்காலுக்குள் வந்துவிட்டது. ஓரத்து சீட்டாக, படி அதிகம் ஏறாத இடமாக எடுக்கிறேன். பால்டிமோரில் சீக்கிரம் போய்விடலாம், வலது பக்கம் ஒரு நீளமான பழைய செங்கல் கிடங்கு இருக்கிறது, அதை இடிக்காமல் 1992ல் ஸ்டேடியத்தையே அதை ஒட்டிக் கட்டினார்கள். அதற்குப் பிறகு கட்டிய பாதி ஸ்டேடியம் அந்தப் பாணிதான்.

அகிலன்: மேட்சில் அந்தக் கிடங்கை இதுவரை யாரும் நேரா அடிச்சதில்லை. 1993 ஹோம் ரன் போட்டியில் கென் கிரிஃபி ஜூனியர் மட்டும்.

அப்பா: இதில் ஸ்கோர் நோட்டு எழுதுகிற வழக்கம் உண்டா? நான் ரேடியோ கமென்ட்ரி கேட்டே பந்துக்குப் பந்து எழுதியவன்.

அகிலன்: இருக்கு தாத்தா! ஃபீல்டர் நிற்கிற இடத்துக்கு 1லேர்ந்து 9 வரைக்கும் நம்பர். 6-4-3ன்னு எழுதினா, ரெண்டாவது மூணாவது பேஸுக்கு நடுவில் நிற்கிற ஷார்ட் ஸ்டாப் எடுத்து ரெண்டாவது பேஸ்காரருக்குக் கொடுத்து, அவர் முதல் பேஸுக்கு எறிஞ்சு, ரெண்டு பேர் அவுட்னு அர்த்தம். மூணு ஸ்ட்ரைக் ஆகி பந்தை அடிக்காமலே அவுட் ஆகிறது ஸ்ட்ரைக் அவுட், அதுக்கு ‘கே’ன்னு இங்கிலீஷ் எழுத்து. மட்டையைச் சுத்தாமல் வேடிக்கை பார்த்துக்கிட்டே அவுட் ஆனா அந்த எழுத்தைத் திருப்பிப் போடணும்.

அப்பா: திருப்பிப் போட வேண்டியதுதான். ரெண்டு நோட்டு வாங்கி வை, உனக்கு ஒன்று, எனக்கு ஒன்று. பென்சில் நான் இங்கிருந்து கொண்டுவருகிறேன்.

கார்த்தி: நான் ஹோட்டல் பார்க்கிறேன். எல்லாரும் கேன்சல் பண்ண முடிகிற ரூமாகத்தான் போடவேண்டும் என்று ஒருவராவது சொல்வீர்கள் என்று எதிர்பார்த்தேன்.

வித்யா: சொல்லாமலேயே தெரியும் என்று நினைத்தோம்.