கிரெபஸ்குலர்: ‘மங்கொளி’யா, ‘அந்தியாடி’யா?

அன்புடையீர், வணக்கம்.

‘கிரெபஸ்குலர்’ (crepuscular) என்னும் ஆங்கிலப் பெயரடைக்குத் தமிழாக்கமாக ‘மங்கொளி சார்ந்த’ என நீங்கள் முன்மொழிந்திருப்பதில் எனக்குத் தயக்கம் உண்டு. மங்கலான, தெளிவற்ற என்னும் பொதுப்பொருளுக்கு அது பொருந்தும். ஆனால் முயலையும் மானையும் இச்சொல்லால் குறிக்கும் விலங்கியலார், விடியலிலும் மாலையிலும் மிகுதியாக நடமாடுபவை என்று பொழுதையே சுட்டுகின்றனர்.

இதன் வேர் ‘கிரெபுஸ்குலும்’ என்னும் இலத்தீன் சொல். ‘கிரெபெர்’ என்றால் இருண்ட, ஐயத்துக்குரிய என்று பொருள். பகலா இரவா என்று துணிய முடியாத பொழுது என்பதால் இப்பெயர் வந்தது என்றும், சொல்லைச் சபீனர் என்னும் பண்டைய இத்தாலிய மக்களிடமிருந்து உரோமர் பெற்றனர் என்றும் கி.மு. முதல் நூற்றாண்டு அறிஞர் வர்ரோ எழுதியுள்ளார். உரோமர் ஐயத்தைக் கண்ட இடத்தில் நம் ‘அந்தி’ இரு பொழுதுகளின் கூடலைக் காண்கிறது. (இது ‘சந்தி’யின் திரிபு என்பாரும் உளர், அதனால் சொல்லின் பயன் குறைந்துவிடாது.)

அந்தி என்றால் மாலை மட்டுந்தானே என்ற மறுப்பு எழும். அந்திமந்தாரையை நினைத்தால் அது நியாயமே. எனினும் கிள்ளிவளவனை ஆலத்தூர் கிழார் பாடிய புறநானூற்று 34ஆம் பாட்டில் ‘காலை அந்தியும் மாலை அந்தியும்’ என்றே வருகிறது. அதே பாட்டில் சுட்ட முயற்கறியும் இடம்பெறுவது தற்செயல்தான் என்றாலும், நம் விவாதத்துக்கு வாய்ப்பான தற்செயல்!

ஆகவே, இரவிலும் பகலிலும் நடமாடும் விலங்குகளுக்கு முறையே வழக்கிலுள்ள ‘இரவாடி’, ‘பகலாடி’ ஆகியவற்றை ஒட்டி ‘அந்தியாடி’ எனலாம்; பெயரடை வேண்டுமிடத்தில் ‘அந்தியாடு விலங்கு’ என வினைத்தொகையாக்கலாம். இயற்பியலில் ‘ஆடி’ கண்ணாடியைக் குறிப்பது உண்மையே. ‘இரவாடி’யைக் கண்ணாடி என்று எவரும் மயங்கியதாக நான் அறியேன்.

முகில் இடைவெளிகளினூடே விசிறிபோல் இறங்கும் கதிர்களுக்கும் ஆங்கிலத்தில் இதே அடைமொழி வழங்குகிறது. அவை அந்தியில் மட்டும் தோன்றுபவை அல்ல. ‘விரிகதிர்’ என்பதும் தவறாகிவிடும். ஏறக்குறைய இணையாகவே வரும் அக்கதிர்கள் தொலைவின் தோற்றத்தால்தான் விரிவனபோல் தெரிகின்றன. ‘முகிலிடைக் கதிர்’ எனத் தனிச்சொல் ஆக்குவதே நன்று.

விடியலில் மட்டும் நடமாடுவனவற்றை ‘விடியலாடி’ என்றும், மாலைக்குரியவற்றை ‘மாலையாடி’ என்றும் பிரிக்கலாம். ‘வைகறையாடி’ வேண்டா, ஒரு நாளை ஆறாகப் பிரிக்கும் சிறுபொழுதுப் பகுப்பில் வைகறை, விடியலுக்கு முந்திய இரவின் கடைப்பகுதி.